வானில் இல்லாத இரு கிரகங்கள்

தினம் ஒரு தாள் கிழிக்கும் நாட்காட்டி இல்லாத வீட்டை நம் அம்பத்தூர், ஆவடி, பூந்தமல்லிப் பக்கங்களில் காண்பது அரிது. மேலே திருக்குடும்பப் படம் இருந்தாலும் சரி, முருகன் படம் இருந்தாலும் சரி, கீழே தொங்கும் தாளில் எமகண்டம், குளிகை என்ற வரிசையில் ஒரு பெயர் தவறாமல் அச்சாகியிருக்கும். அது ராகு. ஆண்டு முழுவதும் நம் வீட்டுச் சுவரில் குடியிருக்கும் இவரை வானத்தில் பார்த்தவர் எவரேனும் உண்டா? ஒருவரும் இல்லர். தொலைநோக்கி வைத்துத் தேடினாலும் பார்க்க முடியாது. ஏனெனில் அப்படி ஒரு கோள் வானில் இல்லை. அவருடைய கூட்டாளியான கேதுவும் அப்படியே.

இல்லாத ஒன்று நாட்காட்டியில் ஏறியதும், கோயிலில் சிலையாய் நின்றதும், பெண்பிள்ளைகளின் கல்யாணப் பேச்சு வரை நுழைந்ததும் எப்படி என்பதை இங்கே விளக்க முற்படுகிறோம். கதை சுவையானது, கதைக்குப் பின்னே உள்ள கணக்கு அதைவிடச் சுவையானது. கொஞ்சம் பொறுமையும், தையல் வகுப்பில் பயன்படுத்தும் எம்பிராய்டரி வளையங்கள் இரண்டும் இருந்தால் போதும்.

முதலில் ஒன்றைக் கவனியுங்கள். கிரகங்கள் ஒன்பது என்கிறோம், கிழமைகளோ ஏழுதான். ஞாயிறு, திங்கள், செவ்வாய், புதன், வியாழன், வெள்ளி, சனி ஆகிய ஏழும் கண்ணுக்குத் தெரிபவை. வெள்ளியைச் சில மாதங்கள் மாலையில் மேற்கிலும், சில மாதங்கள் விடியலில் கிழக்கிலும் மொட்டைமாடியிலிருந்தே காணலாம். மாதா மன்றாட்டு மாலையில் அன்னை மரியாளுக்கு விடிவெள்ளி என்ற பட்டமும் உண்டல்லவா? ஆனால் ராகுவுக்கும் கேதுவுக்கும் வாரத்தில் நாள் இல்லை. கண்ணால் கண்டவற்றுக்கு மட்டுமே நாள் கிடைத்திருக்கிறது!

கிழமைப் பெயர்களைப் பற்றி ஒரு செய்தியை இடையில் சொல்லிவிடுகிறோம். 6-ஆம் நூற்றாண்டில் பிராகா நகரின் ஆயராக இருந்த புனித மார்ட்டின், கோள்களின் பெயரால் நாட்களை அழைப்பது கிறிஸ்தவர்க்கு ஏற்றதன்று என்று கருதினார். அதனால் இன்றும் போர்த்துக்கீசியர் திங்கட்கிழமையை இரண்டாம் நாள் என்றும், செவ்வாயை மூன்றாம் நாள் என்றும் எண்ணிச் சொல்கிறார்கள். தமிழ்க் கத்தோலிக்கராகிய நாம் அவ்வளவு தூரம் போகவில்லை. ஆண்டவர் பாடுபட்ட நாளையே பெரிய வெள்ளி என்கிறோம். அதனால் நமக்கு ஒரு குறையும் வந்துவிடவில்லை.

நம் ஊர்ப்பக்கத்துக்கும் இந்த நவக்கிரகங்களுக்கும் நெருங்கிய தொடர்பு உண்டு. கும்பகோணத்தைச் சுற்றி ஒன்பது கிரகத் தலங்கள் இருப்பது பலருக்குத் தெரியும். பூந்தமல்லி, போரூர், குன்றத்தூர் வட்டாரத்திலும் அதே போல ஒன்பது சிவன் கோயில்களைக் கிரகத் தலங்களாகக் கொண்டாடுகிறார்கள். பூந்தமல்லி வைத்தீஸ்வரன் கோயில் செவ்வாய்க்கு உரியது, மாங்காடு வெள்ளீஸ்வரர் கோயில் வெள்ளிக்கு, கோவூர் புதனுக்கு, போரூர் வியாழனுக்கு, கொளப்பாக்கம் சூரியனுக்கு, சோமங்கலம் சந்திரனுக்கு, பொழிச்சலூர் சனிக்கு. குன்றத்தூர் நாகேஸ்வரர் கோயில் ராகுவின் தலம். கெருகம்பாக்கம் நீலகண்டேஸ்வரர் கோயில் கேதுவின் தலம். குன்றத்தூர் பெரியபுராணம் பாடிய சேக்கிழார் பிறந்த ஊர். 12-ஆம் நூற்றாண்டில் சோழ மன்னரின் அமைச்சராக இருந்த அவர், கும்பகோணத்தருகே உள்ள திருநாகேஸ்வரத்தின் மேல் கொண்ட பற்றினால் தம் சொந்த ஊரிலும் அதைப் போன்றே ஒரு கோயில் எழுப்பினார் என்பது வரலாறு. அதனால் அதற்கு வடதிருநாகேஸ்வரம் என்றும் பெயர். நம் பள்ளியில் பல சமயத்துப் பிள்ளைகளும் ஒன்றாகப் படிக்கிறார்கள். எவருடைய வழிபாட்டையும் இகழ்வது நம் நோக்கமன்று. வானத்தில் என்ன இருக்கிறது, என்ன இல்லை என்பதையே இங்கே பார்க்கிறோம்.

புராணக் கதையைச் சுருக்கமாகச் சொல்வோம். தேவரும் அசுரரும் பாற்கடலைக் கடைந்து அமுதம் எடுத்தபோது, ஓர் அசுரன் தேவர் வேடத்தில் சூரியனுக்கும் சந்திரனுக்கும் நடுவே பந்தியில் உட்கார்ந்து அமுதத்தை வாங்கி உண்டுவிட்டான். பக்கத்தில் இருந்த இருவரும் காட்டிக்கொடுத்தார்கள். திருமால் அவனை இரண்டாக வெட்டினார். அமுதம் உண்டுவிட்டதால் உயிர் போகவில்லை. தலை ராகுவாகவும் உடல் கேதுவாகவும் ஆயின. காட்டிக்கொடுத்த இருவர் மேலும் உள்ள பகையால், ராகுவும் கேதுவும் அவ்வப்போது அவர்களைப் பிடித்து விழுங்குகின்றனர், அதுவே கிரகணம். கிரகணம் என்ற சொல்லுக்கே பிடித்தல் என்றுதான் பொருள். நம் முன்னோர் இவர்களைக் கரும்பாம்பு, செம்பாம்பு என்றும் அழைத்தார்கள். வள்ளுவரும் 1146-ஆம் குறளில், ஊரார் பேச்சு எவ்வளவு வேகமாகப் பரவும் என்பதற்குத் திங்களைப் பாம்பு பிடித்த செய்தியை உவமையாக்கியிருக்கிறார். கிரகணம் என்றால் அன்றும் ஊரே கூடிப் பேசியிருக்கிறது!

இந்தக் கற்பனை நமக்கு மட்டும் உரியதன்று. சீனர்கள் வானத்து நாய் ஒன்று சூரியனைத் தின்பதாகச் சொன்னார்கள். ஐரோப்பாவின் வடகோடியில் இருந்தவர்கள் ஓநாய் துரத்துவதாகச் சொன்னார்கள். பட்டப்பகலில் சூரியன் ஓரத்திலிருந்து குறைந்துகொண்டே வருவதைக் கண்டவர்களுக்கு, யாரோ கடித்துத் தின்கிறார்கள் என்றுதானே தோன்றும்?

இனிக் கணக்குக்கு வருவோம். எம்பிராய்டரி வளையங்கள் இரண்டை எடுத்துக்கொள்ளுங்கள். பூமியிலிருந்து பார்க்கும்போது சூரியன் ஓர் ஆண்டில் வானத்தைச் சுற்றி வருவதாகத் தெரியும் பாதை பெரிய வளையம். சந்திரன் மாதத்துக்கு ஒருமுறை சுற்றிவரும் பாதை அதனுள் இருக்கும் சிறிய வளையம். இரண்டும் ஒரே தட்டையாக இருந்தால் ஒவ்வொரு அமாவாசையிலும் சந்திரன் சூரியனை மறைத்துவிடும். ஒவ்வொரு பௌர்ணமியிலும் பூமியின் நிழல் சந்திரன் மேல் விழுந்துவிடும். மாதம் இரண்டு கிரகணம் என்றால் யாரும் ஏறெடுத்துக்கூடப் பார்க்கமாட்டார்கள். ஆனால் சந்திரனின் பாதை சுமார் 5 பாகை சாய்ந்திருக்கிறது. உள் வளையத்தை அவ்வளவு சாய்த்துப் பாருங்கள். பாதி மேலேயும் பாதி கீழேயும் நிற்கும். இரண்டு வளையங்களும் ஒன்றையொன்று வெட்டும் இடங்கள் இரண்டே இரண்டு. அவையும் நேர் எதிரெதிரே இருக்கும். சந்திரன் வடக்கு நோக்கி ஏறிக் கடக்கும் இடத்துக்கு நம் கணிதர்கள் வைத்த பெயர் ராகு. தெற்கு நோக்கி இறங்கிக் கடக்கும் இடத்துக்குக் கேது. அவ்வளவுதான்! அந்த இடத்தில் கல் இல்லை, மண் இல்லை, ஒளி இல்லை. இரண்டு தெருக்கள் சந்திக்கும் முனைக்கு நாம் ஒரு பெயர் வைத்துக்கொள்வதைப் போல, இரண்டு பாதைகள் சந்திக்கும் முனைக்கு வைத்த பெயர்.

அமாவாசை நாளில் சூரியன் இந்த முனைகளில் ஒன்றின் அருகே இருந்தால் சூரிய கிரகணம். பௌர்ணமி நாளில் இருந்தால் சந்திர கிரகணம். ஆகவே, ராகுவோ கேதுவோ பிடித்தால்தான் கிரகணம் என்று பாட்டி சொன்னது கணக்கின்படி முழுச்சரி. பிடிப்பதற்கு அங்கே பாம்பு இல்லை என்பது ஒன்றுதான் வித்தியாசம்.

சமீபத்திய கிரகணங்களை வைத்தே சரிபார்க்கலாம். 2019 டிசம்பர் 26 அன்று, கிறிஸ்துமஸுக்கு மறுநாள் காலை, கோயம்புத்தூர், திண்டுக்கல், புதுக்கோட்டை வழியே வளைய சூரிய கிரகணம் சென்றது. நம் ஊரில் பாதி கடித்த அப்பளம் போலத் தெரிந்தது. பஞ்சாங்கத்தின்படி அன்று சூரியன் தனுசு ராசியில், கேதுவும் தனுசில். ஏறக்குறைய ஆறு மாதம் கழித்து, 2020 ஜூன் 21-ல் மீண்டும் சூரிய கிரகணம். அன்று சூரியன் மிதுனத்தில், ராகுவும் மிதுனத்தில். ஒரு முனையைக் கடந்த சூரியன், அரைச் சுற்றுச் சுற்றி, எதிர்முனைக்கு வந்தபோது அடுத்த கிரகணம் நிகழ்ந்தது. 2025 செப்டம்பர் 7 இரவு முழுச் சந்திர கிரகணம் வந்ததும் நினைவிருக்கும். வேளாங்கண்ணியில் பெரிய தேர்ப் பவனி நடக்கும் நாள் அது. மறுநாள் அன்னையின் பிறந்தநாள். இரவு 11 மணியளவில் சந்திரன் முழுவதும் நிழலுக்குள் போய், செம்பு நிறத்தில் 82 நிமிடம் நின்றது. அன்று சந்திரன் இருந்தது கும்பத்தில், ராகுவும் கும்பத்தில்தான்.

அந்த முனைகள் ஓரிடத்தில் நிற்பதில்லை என்பதும் இதிலிருந்து தெரிகிறது. அவை மெல்ல மெல்லப் பின்னோக்கி நகர்ந்து, சுமார் 18.6 ஆண்டுகளில் ஒரு முழுச் சுற்று முடிக்கின்றன. அதைப் பன்னிரண்டு ராசிக்கும் பங்கிட்டால் ஒரு ராசிக்கு ஒன்றரை ஆண்டு. ராகு கேதுப் பெயர்ச்சி ஒன்றரை ஆண்டுக்கு ஒருமுறை வருவதும், அவர்கள் எப்போதும் பின்னோக்கியே போவதும், இருவரும் எப்போதும் நேர் எதிரே நிற்பதும் இதனால்தான். சூரியனின் ஈர்ப்பு சந்திரனின் பாதையை இழுத்து இழுத்துத் திருப்புவதே காரணம் என்று பிற்கால விஞ்ஞானம் விளக்கியது. காரணம் தெரியாமலே இந்த நகர்வை அளந்து வைத்திருந்தார்களே, அந்தப் பழைய கணிதர்களை நாம் எவ்வளவு பாராட்டினாலும் தகும்.

அவர்களில் சிறந்தவர்களுக்குப் பாம்புக் கதையில் மயக்கம் இருக்கவில்லை. 499-ஆம் ஆண்டில், 23 வயதில் நூல் எழுதிய ஆரியபட்டர், சந்திரன் சூரியனை மறைப்பதும் பூமியின் நிழல் சந்திரனை மறைப்பதுமே கிரகணம் என்று தெளிவாகச் சொல்லிவிட்டார். அடுத்த நூற்றாண்டில் வராகமிகிரரும் அதையே வலியுறுத்தினார். தமிழ்நாட்டுப் பஞ்சாங்கக் கணிதர்களின் திறமையை வெள்ளைக்காரர்களும் கண்டு வியந்திருக்கிறார்கள். சூரியனைச் சுக்கிரன் கடப்பதைப் பார்க்கப் புதுச்சேரிக்கு வந்த லெ ஜெந்தி என்ற பிரெஞ்சு அறிஞர், 1769-ல் அந்த நாளில் மேகம் மூடிவிட்டதால் ஏமாந்துபோனார். ஆனால் வந்த இடத்தில் தமிழரிடம் வானக் கணிதம் கற்றார். 1765 ஆகஸ்ட் 30-ல் நடந்த சந்திர கிரகணத்தைத் தமிழர் முறைப்படி கணித்தபோது, அதன் கால அளவு 41 விநாடி மட்டுமே குறைந்தது. ஐரோப்பாவில் அன்று புகழ்பெற்றிருந்த மேயர் அட்டவணையோ 68 விநாடி கூட்டிச் சொன்னது! 1825-ல் ஜான் வாரன் என்பவர் சந்தித்த தமிழ்ப் பஞ்சாங்கக்காரர் ஒருவர், ஏடும் எழுத்தாணியும் இல்லாமல், தரையில் சோழிகளைப் பரப்பி, மனப்பாடமாக வைத்திருந்த வாய்பாடுகளைக் கொண்டே கிரகணம் கணித்துக் காட்டினார். தொடங்கும் நேரத்தில் அவருக்கு வந்த பிழை 4 நிமிடந்தான்; முடியும் நேரத்தில் மட்டும் 52 நிமிடம் தவறியது. வாய்பாடு ஒப்புவிக்கச் சொன்னால் முகம் சுளிக்கும் ஆறாம் வகுப்புப் பிள்ளைகள் இதைக் குறித்துக்கொள்ளலாம்.

சென்னை நுங்கம்பாக்கத்தில் 1792-ல் எழும்பிய வானாய்வு நிலையத்தில் பணியாற்றிய சிந்தாமணி இரகுநாதாச்சாரி, 1867-ல் ஒளி மாறும் விண்மீன் ஒன்றைக் கண்டுபிடித்தவர். ஆசாரமான குடும்பத்தில் பிறந்த அவரே, வானத்தில் காண்பதோடு ஒத்துப்போகுமாறு பஞ்சாங்கத்தைத் திருத்த வேண்டும் என்று வாதாடினார். கணக்கு தவறினால் கண்ணை நம்பு என்பதே அவருடைய கட்சி.

ஐரோப்பியரும் ராகு கேதுவை விட்டுவைக்கவில்லை. அவர்கள் இந்த முனைகளைப் பறவைநாகத்தின் தலை என்றும் வால் என்றும் அழைத்தனர். சந்திரன் ஒரு முனையிலிருந்து கிளம்பி மீண்டும் அதே முனைக்கு வரும் 27.2 நாட்களுக்கு, இன்றைய விஞ்ஞானிகளும் நாக மாதம் என்று பொருள்படும் பெயரையே வழங்குகிறார்கள். போதாக்குறைக்கு, விஞ்ஞானிகளே ஓர் இல்லாத கோளைப் படைத்ததும் உண்டு. புதன் கோளின் ஓட்டத்தில் தெரிந்த சிறு பிசகுக்குக் காரணமாக, சூரியனுக்கு மிக அருகே வல்கன் என்றொரு கோள் இருக்கவேண்டும் என்று 1859-ல் லெ வெரியே என்ற பிரெஞ்சு அறிஞர் சொன்னார். அரை நூற்றாண்டுக்கு மேல் தேடினார்கள். 1915-ல் ஐன்ஸ்டீன் அந்தப் பிசகுக்கு வேறு விளக்கம் தந்ததும், வல்கனைக் கைவிட்டுவிட்டார்கள். நாமோ ராகுவுக்கு விளக்கம் கிடைத்து 1500 ஆண்டு ஆகியும் கைவிட மனமில்லாமல் இருக்கிறோம்.

இங்கே விவிலியத்திலிருந்து ஒரு கேள்வி எழலாம். பெரிய வெள்ளியன்று நண்பகல் முதல் மூன்று மணி வரை இருள் சூழ்ந்ததாக நற்செய்தியில் வாசிக்கிறோமே, அது சூரிய கிரகணமா? இல்லை. யூதரின் பாஸ்கா பௌர்ணமியை ஒட்டி வருவது. சூரிய கிரகணமோ அமாவாசையில்தான் வரும். மேலும் முழுச் சூரிய கிரகணத்தின் இருள் ஏழரை நிமிடத்தைத் தாண்டாது. 3-ஆம் நூற்றாண்டிலேயே ஆப்பிரிக்கானுஸ் என்ற கிறிஸ்தவ எழுத்தாளர் பௌர்ணமியைச் சுட்டிக்காட்டி இதை மறுத்திருக்கிறார். வானக் கணக்குத் தெரிந்திருந்தால் மறைக்கல்வி வகுப்பிலும் உதவும்.

இனி, இந்த இல்லாத கிரகங்கள் உள்ளபடியே செய்யும் தொல்லைகளைப் பார்ப்போம். கிரகணம் என்றால் கர்ப்பிணிகளை இருட்டறையில் உட்கார வைத்து, தண்ணீர்கூடக் கொடுக்காமல் வைக்கும் வழக்கம் இன்னும் ஒழியவில்லை. கத்தியைத் தொட்டால் பிள்ளைக்கு உதடு பிளந்துவிடும் என்பார்கள். கரு உருவாகும் முதல் சில வாரங்களில் உதட்டுத் திசுக்கள் சரியாக ஒன்றுசேராமல் போவதே உதட்டுப்பிளவு. பரம்பரைக் கூறு, போதிய சத்தின்மை, சில மருந்துகள் முதலியன அதற்குக் காரணமாகலாம் என்று மருத்துவர்கள் கூறுகிறார்கள். கிரகணம் அந்தப் பட்டியலில் இல்லை. கர்ப்பிணியைப் பல மணி நேரம் தாகத்தோடு வைத்திருப்பதுதான் ஆபத்து. தாம்பாளத்தில் தண்ணீர் ஊற்றி உலக்கையை நிறுத்தி, அது விழாமல் நிற்பதைக் கிரகணத்தின் சக்தி என்று காட்டுவதும் உண்டு. அடிப்பாகம் தட்டையான உலக்கை கிரகணம் இல்லாத நாளிலும் நிற்கும். இந்த விடுமுறையில் செய்து பாருங்கள். பாட்டியையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு செய்யுங்கள்.

ராகு காலத்துக்கு வருவோம். பகலின் 12 மணி நேரத்தை எட்டாகப் பங்கிட்டு, ஒவ்வொரு கிழமைக்கும் ஒரு பங்கை ராகுவுக்கு ஒதுக்கியிருக்கிறார்கள். திங்களன்று 7.30 முதல் 9 வரை, வெள்ளியன்று 10.30 முதல் 12 வரை. ஞாயிறன்று மாலை 4.30 முதல் 6 வரை. எந்த ஆண்டானாலும் திங்கள் என்றால் அதே நேரம். வானத்தில் அந்த முனை மீனத்தில் இருக்கிறதா, கும்பத்தில் இருக்கிறதா, தலைக்கு மேலா, காலுக்குக் கீழா என்பதற்கும் இந்த நேரத்துக்கும் எள்ளளவு சம்பந்தமும் இல்லை. திங்கட்கிழமை காலை 7.30 முதல் 9 வரை ஆவடி, அம்பத்தூர் ரயிலில் தொங்கிக்கொண்டு வேலைக்குப் போகிறவர்கள் எத்தனை பேர்! தொழிற்பேட்டைகளில் இயந்திரங்கள் ஓடுகின்றன. நம் பள்ளியிலும் மணி அடித்து, இறைவணக்கம் நடக்கிறது. வெள்ளிக்கிழமை வரும் பரீட்சையை நடு ராகு காலத்தில்தான் எழுதுகிறோம். முதல் மதிப்பெண்ணும் வாங்குகிறோம்.

இவையெல்லாம் சிரித்துவிட்டுப் போகக்கூடியவை. சிரிக்க முடியாதது ஒன்று இருக்கிறது. அதற்காகவே இக்கட்டுரை எழுதத் துணிந்தோம். அதுதான் நாகதோஷம்.

ஒரு பெண்ணின் ஜாதகத்தில் லக்கினத்திலிருந்து எண்ணி 1, 2, 7, 8 ஆகிய வீடுகளில் ராகுவோ கேதுவோ இருந்தால் தோஷம் என்பது பொதுவாகச் சொல்லப்படும் விதி. லக்கினம் என்பது பிறந்த நேரத்தில் கிழக்கே உதித்துக்கொண்டிருக்கும் ராசி. அது ஏறக்குறைய இரண்டு மணிக்கு ஒருமுறை மாறும். ராகுவோ ஒன்றரை ஆண்டு ஒரே ராசியில் இருப்பார். ஆகவே ஒரே வகுப்பில் படிக்கும், ஒத்த வயதுப் பிள்ளைகள் அநேகருக்கு ராகு இருக்கும் ராசி ஒன்றேதான். தோஷம் உண்டா இல்லையா என்பதைத் தீர்மானிப்பது பிறந்தபோது பிரசவ அறைக் கடிகாரம் காட்டிய மணி மட்டுமே!

நோட்டை எடுத்துக் கணக்குப் போடுங்கள். ராகு 1-ல் இருந்தால் கேது நேர் எதிரே 7-ல். ராகு 2-ல் என்றால் கேது 8-ல். ஆகவே ராகு 1, 2, 7, 8 என்ற நான்கு வீடுகளில் எதில் இருந்தாலும் தோஷம். பன்னிரண்டில் நான்கு, அதாவது மூன்றில் ஒரு பங்கு. 45 பேர் கொண்ட வகுப்பில் சராசரியாக 15 பேர் தோஷக்காரர்கள். ஐந்தாம் வீட்டில் இருந்தால் பிள்ளைப்பேறு தாமதம் என்ற விதியையும் சேர்த்துக்கொண்டால், பன்னிரண்டில் ஆறு, அதாவது வகுப்பில் பாதி! செவ்வாய் தோஷக் கணக்கையும் அதன் மேல் ஏற்றினால் மிஞ்சுகிறவர் எத்தனை பேர் என்பதை நீங்களே போட்டுப் பாருங்கள். பாதிப் பெண்களுக்குக் குறை கண்டுபிடிக்கும் விதியில், குறை பெண்களிடத்திலா இருக்கிறது?

படிப்பு பிடித்து, குணம் பிடித்து, பேச்சு முடியும் தறுவாயில், கட்டம் பொருந்தவில்லை என்ற ஒரே சொல்லில் நின்றுபோன சம்பந்தங்கள் நம் தெருக்களில் எத்தனையோ. அந்தப் பெண் செய்த பிழை என்ன? ஒரு மணி நேரம் முந்திப் பிறந்திருந்தால் தோஷம் இல்லாமலே போயிருக்கலாம். கூச்சத்தோடு சொல்ல வேண்டியது ஒன்றும் உண்டு. ஞாயிறு தவறாமல் திருப்பலிக்கு வரும் சில வீடுகளிலும், சம்பந்தம் பேசும்போது பக்கத்து வீட்டுக்காரர் மூலம் ரகசியமாக ஜாதகம் பார்த்துக்கொள்வது நடக்கிறது. 1992-ல் வெளியான கத்தோலிக்கத் திருச்சபையின் மறைக்கல்வி நூல் ஜாதகமும் சோதிடமும் விலக்கத்தக்கவை என்று வெளிப்படையாகக் கூறுகிறது. பெற்றோர் இதை நினைவில் கொள்வது நல்லது.

புனித அகுஸ்தீனாரும் (354-430) இளமையில் சோதிட நூல்களில் மூழ்கியிருந்தவர்தாம். அவரை மீட்டது ஒரு நண்பர் சொன்ன செய்தி. அந்த நண்பர் செல்வர் வீட்டுப் பிள்ளை. அவர் பிறந்த அதே நொடியில் வேறொரு வீட்டில் ஓர் அடிமைப் பெண்ணுக்கும் குழந்தை பிறந்தது. இரு வீட்டாரும் ஆள் அனுப்பி நேரத்தைச் சரிபார்த்துக்கொண்டார்கள். கட்டம் இம்மியளவும் மாறவில்லை. ஒருவர் செல்வத்திலும் கல்வியிலும் வளர்ந்தார்; மற்றவர் அடிமையாகவே இருந்தார். இருவருக்கும் ஒரே பலனைச் சொன்னால் அது பொய்; வேறு வேறு பலனைச் சொன்னால் அது கட்டத்தில் இல்லாதது. அகுஸ்தீனாருக்கு இந்த ஒரு வாதமே போதுமாயிருந்தது.

நம் காலத்துக்கு ஏற்ற இன்னொரு சான்றும் இருக்கிறது. தமிழ்நாட்டில் வாக்கியம், திருக்கணிதம் என இருவகைப் பஞ்சாங்கங்கள் வழங்குகின்றன. 2025-ல் ராகு மீனத்திலிருந்து கும்பத்துக்குப் பெயர்ந்தது வாக்கியப்படி ஏப்ரல் 26. திருக்கணிதப்படி மே 18. இடைப்பட்ட மூன்று வாரத்தில் பிறந்த குழந்தைக்கு ஒரு பஞ்சாங்கத்தில் ராகு மீனத்தில், இன்னொன்றில் கும்பத்தில். ஒன்றில் தோஷம் இருக்கும், மற்றதில் இராது. அவர்கள் கல்யாண வயதுக்கு வரும்போது எந்தப் பஞ்சாங்கத்தைப் புரட்டுவார்களோ?

அடுத்த முறை கிரகணம் வரும்போது வெளியே வந்து பாருங்கள். சந்திர கிரகணத்தை வெறுங்கண்ணால் எவ்வளவு நேரம் வேண்டுமானாலும் பார்க்கலாம். சூரியனை மட்டும், கிரகணம் இருந்தாலும் இல்லாவிட்டாலும், வெறுங்கண்ணால் பார்க்கக்கூடாது. எக்ஸ்ரே படம், கறுப்புக் கண்ணாடி, தண்ணீரில் தெரியும் பிம்பம் எதுவும் கண்ணைக் காக்காது. கிரகணம் பார்ப்பதற்கென்றே செய்த தரமான கண்ணாடி வேண்டும். அது கிடைக்காவிட்டால், தடித்த அட்டையில் குண்டூசியால் ஒரு துளை போட்டு, சூரியனுக்கு முதுகு காட்டி நின்று, துளை வழியே வரும் ஒளியை வெள்ளைத் தாளில் விழச் செய்யுங்கள். பிறைபோலக் குறைந்த சூரியன் அதில் தெரியும். வேப்பமரத்து நிழலிலும் இலை இடுக்குகளின் வழியே நூற்றுக்கணக்கான பிறைகள் தரையில் விழுந்துகிடக்கும். கோட்டூர்புரத்தில் 1988 முதல் இயங்கும் பிர்லா கோளரங்கத்துக்குச் சென்றால், வளையங்களில் நாம் செய்து பார்த்ததை வானளவில் காணலாம்.

2027 ஆகஸ்ட் 2 மாலையில் நம் ஊரில் பகுதிச் சூரிய கிரகணம் தெரியும். சூரியன் கடகத்தில் இருக்கும். பஞ்சாங்கத்தைப் புரட்டினால் கேதுவும் கடகத்தில் என்றிருக்கும். அட்டையும் குண்டூசியும் தயாராக வைத்துக்கொள்ளுங்கள். அன்று திங்கட்கிழமை, ராகு காலம் காலை 9 மணிக்கே முடிந்துவிடும்.